கெல்வாத் விளக்குக்கூண்டில் மஞ்சள்

ஒஸ்க் ஹெம்ரால் ஒரு வரிக் கணக்கர்.
தறிக்கூடங்களில் துணி எண்ணப் போனவர்
ஒரு நாள் துணியை விட்டுவிட்டு
அதைப் பார்க்கிறவர்களை எண்ணத் தொடங்கினார்.
அவர் நூலின் முதல் வரி:
பொருளுக்கு நிறம் இல்லை. கண் படுவதுதான் நிறம்.

சிவப்புக்கு ஓர் ஆள் போதும்.
இருவர் பார்த்தால் மஞ்சள் வரும்.
பச்சைக்கு மூன்று பேர்,
ஆகவே பச்சைப் பொய் சொல்லவும்
மூன்று பேராவது கூட வேண்டும் என்று
அடிக்குறிப்பில் சிரித்திருக்கிறார்.
நீலத்துக்கு ஏழு. அதனால்தான்
ஏந்த்ரோஸ் நகரத்து வானம் எந்நாளும் நீலம்,
மேய்ச்சல் மலையில் அது
சாம்பலுக்கும் வெளுப்புக்கும் நடுவே எதுவோ.
நாற்பது பேர் கூடினால் வேறொரு நிறம் உண்டு.
அதற்குப் பெயர் வைக்கும் கூட்டத்துக்கு
முப்பத்தெட்டு பேர்தான் வந்தார்கள்.

ஆடு பார்த்தால் கணக்கா என்று கேட்டார்கள்.
அரை ஆள் என்றார்.
ஒற்றைக் கண்ணர்? முழு ஆள்.
கோழி? மூன்றாம் அத்தியாயம் முழுக்கக் கோழி, முடிவில் இல்லை.
பார்வையற்ற மணியடிப்பவள் ஸுவேல்
சபையில் எழுந்து நின்றாள். அன்று மற்றவர் ஆறு பேர்.
அவள் பட்டின் பக்கம் முகம் திருப்பினாள்,
பட்டு நீலமானது.
ஒஸ்க் அன்றிரவே முதல் பக்கத்தைக் கிழித்துவிட்டு
கண் அல்ல, கவனம், என்று எழுதினாராம்.

நான் இதையெல்லாம் படித்தது கெல்வாத் தீவில்,
எண்ணெய்ப் பீப்பாய்மேல் புத்தகத்தைச் சாய்த்து.
விளக்குக்கூண்டுக்கு இருவர், யெஸ்மாரும் நானும்.
சிவப்பு இருந்தது, மஞ்சள் இருந்தது.
சரக்குப் படகில் துடுப்புப் போடுகிறவர்கள் ஐந்து பேர்.
பாறை வளைவில் படகு நுழைந்ததும்
கடல் சட்டென்று நீலமாகும்.
யெஸ்மார் ஓடிப்போய்
ஈரமே இல்லாத தன் சட்டையைக் கொடியில் போடுவான்,
அது நீலச் சட்டை என்று காட்ட.

பேச்சில்லாத நாட்களும் உண்டு.
ஒரே விளக்கை இருவரும் பார்த்திருப்போம்,
மஞ்சள் வராது.
யாரோ ஒருவர் பார்க்கவில்லை என்று இருவருக்கும் தெரியும்.

பனிக்காலத்தில் ஓரிரவு கயிறு அறுந்தது.
அதைப் பற்றி நூலில் ஒன்றுமில்லை.
காலையில் முட்டை உடைத்தேன்,
கரு சாம்பலாக விழுந்தது.
சாயம் வெளுத்துப் போச்சு என்பார்களே, அப்படியல்ல.
சிவப்பு இருந்தது.
கதவுத் துருவில், வெடித்த விரல்நுனியில்,
கயிறு உரசிய உள்ளங்கையில்
போதும் போதும் என்கிற அளவுக்குச் சிவப்பு.

பதினொரு முட்டைகள். எண்ணினேன்,
கணக்கரின் வாசகி அல்லவா.

பன்னிரண்டாவது
மஞ்சளாக விழுந்தது.

கரண்டியோடு அப்படியே நின்றேன்.
ஆடு அரை ஆள், அதுவும் தூங்குகிறது.
கடலில் படகு இல்லை.
பீப்பாய்களுக்குப் பின்னால் தரையில்
நேற்றுவரை இல்லாத ஈரம்.

தண்டனைக் கப்பல்கள் இவ்வழியே போவதுண்டு.
குதித்தவர் கரை சேர்ந்ததாகக் கேள்விப்பட்டதில்லை.
கத்தி இருக்கலாம்.
ஆனால் நான் பார்க்கிற இதே முட்டையை
என்னைவிடக் கவனமாக
அங்கிருந்து ஒரு பசி பார்த்துக்கொண்டிருக்கிறது.

பக்க ஓரத்தில் கரித்துண்டால் எழுதினேன்:
இருவரும் ஒருவரையொருவர் அறிந்திருக்கத் தேவையில்லை.

இன்னொரு முட்டையை உடைத்து ஊற்றினேன்.
கிண்ணத்தைப் பீப்பாய்ப் பக்கம் தள்ளி வைத்தேன்,
கரண்டியையும்.
பிறகு முதுகைக் காட்டிக்கொண்டு
திரி வெட்ட மாடிக்கு ஏறினேன்.

நான் திரும்பிய கணமே
அந்த ஆளுக்கு அது சாம்பலாகியிருக்கும்.
பசிக்கு அது போதும்.